தெமோதரையில் ஈரம்

ஈரம் என்னுஞ் சொல் தமிழில் நற்பொருளையே பெரிதும் தருவது. நெஞ்சில் ஈரமுடையவன் என்றால் இரக்கமுடையவன். ஈரமற்ற பேச்சு என்றால் அன்பற்ற பேச்சு. வானம் பார்த்த நிலத்தில் மழைக்காக ஏங்கி வாழ்ந்த மக்களின் மொழியில் இச்சொல் இவ்வாறு உயர்வு பெற்றமை வியப்புக்குரியதன்று. குறிஞ்சித் திணைக்குக் கூதிரையும் முன்பனியையும் பெரும்பொழுதாக வகுத்த இலக்கண ஆசிரியரும் அங்கே காதலைத்தான் கண்டார். அப்பருவத்தில் உடுத்த துணி உலருமா என்னும் கவலை தலைவிக்கு இருந்ததாகத் தெரியவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் திருச்சி, சேலம், மதுரை, இராமநாதபுரம் முதலிய வறண்ட மாவட்டங்களிலிருந்து கூலிகளாகக் கொணரப்பட்டோர் அச்சொல்லையும் தம்முடன் இலங்கையின் மலைநாட்டுக்குக் கொண்டுவந்தனர். இங்கு அது வேறு பொருள் கொண்டது.

பதுளை செல்லும் புகையிரதப் பாதையில், எல்லவைக் கடந்ததும் வருவது தெமோதரை. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 3,000 அடி உயரம். 1924ஆம் ஆண்டு பதுளைவரை முடிவுற்ற அப்பாதை, தெமோதரை நிலையத்தை அடைந்தபின் குன்றொன்றைச் சுற்றி இறங்கி, அதே நிலையத்தின் அடியிலே குடைந்த சுரங்கத்தினூடாகச் செல்கின்றது. இவ்விந்தையைக் காண வருவோர் பெரும்பாலும் வெயிற் காலத்தில் வந்து படம்பிடித்துச் செல்வர். ஆண்டின் மற்றைய பாதியை அவர்கள் அறியார்.

ஊவாவின் ஆண்டு இரண்டாகப் பிளவுண்டது. யூலை முதல் செப்டெம்பர் வரை தென்மேற்கிலிருந்து வீசும் காற்று, கடலிற் பெற்ற ஈரத்தையெல்லாம் மத்திய மலைகளின் மேற்குச் சரிவிலே கொட்டிவிடுகின்றது. வட்டவளைப் பகுதியில் ஆண்டொன்றுக்கு ஏறத்தாழ 5,000 மில்லிமீற்றர் மழை பெய்யும். பதுளைக்குக் கிடைப்பது ஏறத்தாழ 1,800. மேலெழும் ஈரக்காற்று குளிர்ந்து, அதிலுள்ள நீராவி ஒடுங்கி மழையாகும்போது மறைவெப்பம் வெளிப்படுகின்றது. பின்னர் மலைமுகட்டைக் கடந்து கிழக்கே இறங்கும் அதே காற்று, ஒவ்வொரு நூறு மீற்றர் இறக்கத்துக்கும் ஏறத்தாழ ஒரு பாகை செல்சியசு வீதம் சூடேறி, உலர்ந்து, ஊவாவை வந்தடைகின்றது. அல்ப்சு மலைவாழ் மக்கள் இத்தகைய காற்றை ஃபோன் என்பர். இங்கு அது கச்சான் காற்று. (கச்சான் என்றதும் வறுத்த கடலையை மட்டும் நினைப்போர் இக்காற்றில் ஒருநாள் நின்று பார்த்தல் நன்று.) அக்காலத்தில் காலையில் விரித்த துணி நண்பகலுக்கு முன்னரே மொரமொரத்துவிடும். தேயிலைச் செடி நீரின்றித் தவித்து, அத்தவிப்பில் தனக்கேயுரிய நறுமணத்தை இலையிற் சேர்க்கும். உலகச் சந்தையில் ஊவாத் தேயிலைக்குள்ள பெயர் அந்த மூன்று மாதங்கள் ஈட்டிக் கொடுத்ததே.

ஒக்டோபரில் இடைப்பருவ மழையும் அதனைத் தொடர்ந்து வடகீழ்ப் பருவக்காற்றும் வந்ததும் நிலை தலைகீழாகும். மூடுபனி வாசலில் வந்து நிற்கும். கொடியில் இட்ட துணி மூன்றாம் நாளும் கைக்குக் குளிர்ந்தே இருக்கும்.

2018ஆம் ஆண்டு டிசம்பரில், பல்கலைக்கழகத்திற் பௌதிகம் பயிலும் மாணவனொருவன் தெமோதரைக்கு அண்மையிலுள்ள தோட்டமொன்றின் லயத்துக்கு விடுமுறையில் வந்திருந்தான். தாய் கொழுந்து பறிப்பவர். தந்தை தேயிலைத் தொழிற்சாலையிற் கொழுந்து வாட்டும் மாடியில் வேலை செய்பவர். தோட்டத்தார் தொழிற்சாலை என்பதில்லை, ஸ்டோர் என்பர். தங்கை அந்த மாதம் சாதாரண தரப் பரீட்சைக்குத் தோற்றுபவள். அவளுக்குச் சிறுவயது முதல் இழுப்பு உண்டு.

வந்த அன்று மாலை தாய் உப்புச் சிரட்டையை எடுத்துக் காட்டினார். உப்பு கரைந்து அடியில் நீராய் நின்றது.

“உப்பு அழுவுது தம்பி. இந்தக் கெழம வெயில் பாக்க ஏலாது.”

காற்றின் சாரீரப்பதன் 75 வீதத்தைத் தாண்டினால் சோற்றுப்பு நீரை ஈர்த்துக் கரையத் தொடங்கும் என்பது பௌதிக நூல்களிலுள்ள செய்தி. அதனை அளக்கப் பல்கலைக்கழக ஆய்வுகூடத்திற் கருவியொன்று இருந்தது. அத்தாய்க்குச் சிரட்டையே அக்கருவியாக இருந்தமையை மாணவன் அன்றுதான் உணர்ந்தான்.

லய அறை பத்தடிக்குப் பன்னிரண்டடி. அந்நிய ஆட்சிக் காலத்தில் வகுக்கப்பட்ட அளவு அது. 1970களில் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992இல் அவற்றின் நிருவாகம் மீண்டும் கம்பனிகளின் கைக்குச் சென்றது. 2016க்குப் பின்னர் இந்திய உதவியுடன் தனி வீடுகளும் ஆங்காங்கே எழுந்தன. இவ்வளவு மாற்றங்களுக்கும் நடுவில் அந்த அளவு மட்டும் பலருக்கு மாறவில்லை. மேலே தகரம், கீழே சீமெந்து, பின்சுவருக்கு அப்பால் இன்னொரு குடும்பத்தின் சுவர். ஆதலின் காற்று ஒருபுறம் புகுந்து மறுபுறம் வெளியேறுதற்கு வழியில்லை.

இரவு தங்கையின் கணிதக் கொப்பியின் பின்தாளில் மாணவன் ஒரு கணக்கிட்டான். அறையின் உயரம் எட்டடி எனக் கொண்டால், அதிலுள்ள வளி ஏறத்தாழ 27 கனமீற்றர். 16 பாகை செல்சியசில் ஒரு கனமீற்றர் வளி தாங்கக்கூடிய நீராவி 13.6 கிராம் மட்டுமே. அஃதாவது அறை முழுவதிலுமுள்ள வளி தாங்கவல்ல நீர் ஏறத்தாழ 370 கிராம், அரைப் போத்தல். அவ்வறையிலே தாய், தந்தை, பாட்டி, தங்கை, தான் என ஐவர் கதவைச் சாத்திப் படுத்தால், மூச்சாலும் வியர்வையாலும் விடியுமுன் வெளிவிடும் நீர் ஒன்றரை லீற்றருக்குக் குறையாது. அரைப் போத்தலுக்கே இடமுள்ள வளியில் எஞ்சியது எங்கே செல்லும்? விடியற்காலையில் தகரத்தின் உட்புறத்திலிருந்து தலையணையிற் சொட்டுவது மழையன்று என்பதற்கு விடை கிடைத்தது. சுவரிற் கறுத்துப் படர்ந்த பூஞ்சணத்துக்கும், போர்வையின் முடைநாற்றத்துக்கும், தங்கையின் இழுப்பு டிசம்பரில் மிகுவதற்கும் அதே கணக்கில் இடமிருந்தது.

தாய் அக்கணக்கை அறியாவிடினும் பரிகாரம் அறிந்திருந்தார். இரவு சமையல் முடிந்ததும் அடுப்பின் தணலைக் கூட்டி, அதன்மேற் கட்டிய கயிற்றில் மகளின் வெள்ளைச் சீருடையைத் தொங்கவிடுவார். 16 பாகையில் ஈரத்தால் நிறைந்த வளியை 26 பாகைக்குச் சூடாக்கினால் அதன் சாரீரப்பதன் 60 வீதத்துக்கும் கீழே இறங்கும், துணி உலரும். ஆயினும் உலர்ந்த விறகு ஒரு கிலோ எரியும்போது ஏறத்தாழ அரைக் கிலோ நீராவி பிறக்கின்றது. புகைபோக்கி இல்லாத அடுப்பு ஒரு கையால் உலர்த்தி, மறு கையால் நனைக்கின்றது. புகையோ அறையிலேயே தங்குகின்றது. சட்டை உலர்ந்த இரவுகளில் தங்கைக்கு மூச்சு இழுத்தது. தணலை அவித்த இரவுகளிற் சட்டை உலரவில்லை. பரீட்சைக்குப் பத்து நாட்கள் இருந்தன. வெள்ளைச் சட்டைகளோ இரண்டே.

ஈரத்தை அகற்றும் கலையை அறியாத ஊர் தெமோதரை என எவரும் கருதற்க. லயத்திலிருந்து கூப்பிடு தூரத்தில் நிற்கும் தொழிற்சாலை முழுவதும் அக்கலைக்கென்றே எழுந்த கட்டடம். ஒரு கிலோ தேயிலைக்கு ஏறத்தாழ நாலரைக் கிலோ பச்சைக் கொழுந்து வேண்டும்; இடையிலுள்ள மூன்றரைக் கிலோவும் நீர். அந்நீரில் ஒரு பகுதியை வாட்டும் மாடியிற் பன்னிரண்டு முதல் பதினெட்டு மணிநேரம் காற்றைச் செலுத்தி மெல்ல எடுப்பர். அரைத்து, நிறமேறவிட்டபின் எஞ்சிய நீரை உலர்த்தும் பொறியில் நூறு பாகையை அண்மித்த வெப்பக்காற்றால் இருபது நிமிட அளவில் எடுத்து, மூன்று வீத ஈரத்தில் நிறுத்துவர். இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட அரைக்கும் அறையிலோ நேர்மாறாக நீரைத் தூவி ஈரத்தைக் கூட்டுவர். எங்கே ஈரம் வேண்டும், எங்கே வேண்டா, எவ்வளவு என்பதெல்லாம் அங்கு அளந்து குறிக்கப்படும். தொட்டிகளின் அருகே உலர்குமிழ் வெப்பமானியும் ஈரக்குமிழ் வெப்பமானியும் இணையாகத் தொங்கும். இரண்டுக்குமுள்ள வேறுபாடு மழைநாளிற் குறைந்தால், குளிர்ந்த காற்றை எவ்வளவு ஊதினும் கொழுந்து வாடாதென்று அறிந்து, உலையிலிருந்து வெப்பக்காற்றைக் கலந்து விடுவர்.

இக்கலைக்கு உதவிய பொறிகளுள் பெயர்பெற்றது சிரொக்கோ. 1864இல் கச்சார் நாட்டுத் தேயிலைத் தோட்டத்துக்கு இளைஞராக வந்த சாமுவேல் டேவிட்சன், பின்னர் அயர்லாந்து மீண்டு 1881இல் பெல்பாஸ்ற் நகரில் நிறுவிய தொழிற்சாலையின் பெயர் அது. சகாராப் பாலையிலிருந்து வீசும் வெப்பக்காற்றின் பெயரையே அவர் தம் பொறிக்கு இட்டார். இலங்கைத் தோட்டங்களிலும் அப்பெயர் பொறித்த உலர்த்திகளும் விசிறிகளும் நெடுங்காலம் இயங்கின. கச்சான் வீசாத மாதங்களுக்கெனச் செய்யப்பட்ட கச்சான் என்று அதனைச் சொன்னாற் பிழையாகாது.

மாணவனின் தந்தை வெப்பமானிகளைப் பார்ப்பவரல்லர். பார்ப்பது தேயிலை தயாரிக்கும் அதிகாரியின் பணி. அவர் கைப்பிடி கொழுந்தை எடுத்து அமுக்கி விரலை விரிப்பார். பந்து விரியாமல் நின்றால் வாடியது; சிலிர்த்து விரிந்தால் வாடவில்லை. முப்பது ஆண்டுகளாக அவருடைய உள்ளங்கை தவறியதில்லை. மகன் ஒருமுறை, மழைநாளிற் கொழுந்து குளிரால் வாடவில்லையா என்று கேட்டபோது அவர் திருத்தினார்:

“குளிருக்கு கொழுந்து பயப்படாது தம்பி. சுத்தியிருக்கிற காத்து நெறஞ்சு போச்சு, அதுக்கு மேல குடிக்காது. காத்துக்குப் பசி வரணும்.”

காற்றுக்குப் பசி வரவேண்டும் என்னும் இத்தொடர், சாரீரப்பதன் பற்றி எழுதப்பட்ட வரைவிலக்கணங்கள் பலவற்றினும் தெளிவானது.

ஆய்வுகூடத்தில் மாணவன் கண்டிருந்த இன்னொரு பொருள் ஈரமகற்றி. கடைக்காரர் வாய்மொழியில் டிகியூமிடிபையர். அதன் தொழில் எளியது. விசிறி அறைக்காற்றை இழுத்துக் குளிர்ந்த குழாய்களின் மேற் செலுத்தும். பனிபடுநிலைக்குக் கீழே குளிர்ந்த காற்று தன் நீரை அங்கே விட்டு, அடுத்துள்ள சூடான குழாய்களைக் கடந்து, உலர்ந்தும் சற்று வெம்மையாகவும் வெளியேறும். மேற்குச் சரிவில் மழையாய்ப் பெய்து கிழக்குச் சரிவிற் சூடாய் இறங்கும் கச்சான் காற்றின் கதையே ஒரு பெட்டிக்குள் நிகழ்கின்றது. குளிரூட்டற் பொறியின் வரலாறும் இங்கிருந்தே தொடங்குகின்றது. 1902இல் வில்லிஸ் கரியர் நியூயோர்க்கின் புரூக்ளின் பகுதியிலிருந்த அச்சகமொன்றுக்கு முதற் பொறியை வகுத்தது, ஈரத்தால் விரிந்து சுருங்கும் தாளில் நிறங்கள் இடம்பெயர்வதைத் தடுக்கவேயாம். தாளுக்காகப் பிறந்த பொறி பிற்காலத்தில் மனிதருக்கும் உதவியது.

மாணவன் ஊருக்கு வரும்போது அத்தகைய பழைய பொறியொன்றையும் சுமந்து வந்திருந்தான். கொழும்பிற் கழித்த பொருள் விற்கும் கடையில், இரண்டு மாதம் சிறுவர்க்குப் பாடஞ்சொல்லிச் சேர்த்த பணத்தில் வாங்கியது. நாளொன்றுக்குப் பத்து லீற்றர் எனப் பொறியின் முதுகில் எழுதியிருந்தது. தெமோதரை நிலையத்திலிருந்து அதனைத் தோளிலேற்றிப் படிகளில் இறங்கியபோது லயத்துப் பிள்ளைகள் தொலைக்காட்சிப் பெட்டி எனக் கருதிப் பின்தொடர்ந்தனர்.

முதல் இரவு பொறி நன்றாக இரைந்தது. நள்ளிரவின் பின் இரைச்சல் மாறியது. திறந்து பார்க்க, குழாய்கள் வெண்பனியால் மூடுண்டு கிடந்தன. தொட்டியிற் சேர்ந்த நீர் இரு கோப்பைக்கு மேல் இல்லை. காரணத்தைக் கண்டுகொள்ளப் பௌதிக மாணவனுக்கு நெடுநேரம் ஆகவில்லை. முன்னரே கண்டிராமையே அவனுக்கு நாணமாயிற்று. பத்து லீற்றர் என்பது 30 பாகை வெப்பமும் 80 வீத ஈரமும் கொண்ட அறைக்குரிய கணக்கு. அறை குளிர்ந்திருக்குமாயின், அதினின்று நீரைப் பிரிக்கக் குழாய் மேலும் குளிர வேண்டும். அறை 15 பாகையை அண்மிக்கும்போது குழாய் பூச்சியத்துக்குக் கீழே செல்கின்றது. படிந்த நீர் உறைகின்றது. உறைந்த பனி போர்வையாகிக் காற்றைத் தடுக்கின்றது. குளிர்நாடுகளின் களஞ்சியங்களிலும் திரைப்படச் சுருள்களைப் பேணும் குளிரறைகளிலும் இவ்வகைப் பொறியை விடுத்து, சிலிக்கா செல் போன்ற ஈரமுறிஞ்சி பூசிய சக்கரம் சுழலும் பொறியைப் பயன்படுத்துவது இதனாலேயே. அச்சக்கரம் ஒரு பாதியில் ஈரத்தை உறிஞ்சி, மறு பாதியிற் சூடேற்றப்பட்டு அதனை வெளியே கக்கும். உறைநிலைக்குக் கீழும் தளராது. அதன் விலையும் மின்கட்டணமும் லயத்துக்கு உரியன அல்ல.

இரண்டாம் இரவு மணிக்கொருமுறை பொறியை நிறுத்திப் பனியை உருகவிட்டுப் பார்த்தான். அப்போது வேறொரு குறை புலப்பட்டது. சுவருக்கும் தகரத்துக்கும் இடையே கைந்நுழையும் இடைவெளி. அதனூடே மூடுபனி தடையின்றி உள்ளே வந்துகொண்டிருந்தது. தெமோதரைப் பள்ளத்தாக்கு முழுவதையும் அச்சிறு பெட்டி உலர்த்த முயன்றுகொண்டிருந்தது. இடைவெளியைச் சாக்கால் அடைத்தால் அடுப்புப் புகைக்கு இருந்த ஒரே வாயிலும் அடைபடும்.

தந்தை விடியலில் வேலை முடிந்து வந்து, பொறியின் பின்புறம் கையை நீட்டினார். வெம்மையான காற்று வந்தது. சிறிதுநேரம் உள்ளங்கையை அங்கேயே வைத்திருந்தார். கொழுந்தை அமுக்கும் அதே கை.

“நல்ல சாமான்தான். ஆனா தம்பி, ஸ்டோர்ல இதைவிடப் பெரிசு ராவெல்லாம் சும்மா வெளிய ஊதுதே.”

உலர்த்தும் பொறியிலிருந்து கழிவாக வெளியேறும் காற்று ஏறத்தாழ 50 பாகை வெப்பமுடையது. அதில் தேயிலை விட்ட நீராவி கலந்திருப்பினும், அத்துணை வெம்மையில் அதன் பசி அடங்கிவிடுவதில்லை. எனினும் தேயிலை உள்ள இடத்துக்குத் துணியைக் கொண்டுசெல்ல இயலாது. அயல்மணத்தை விரைந்து பற்றும் பொருள் தேயிலை. சவர்க்கார மணமும் புகைமணமும் ஏறினால் சுவைப்போர் கொழும்பிலிருந்தே கண்டுகொள்வர். அத்தடை நியாயமானது. தந்தை சுட்டியது அவ்விடத்தை அன்று. கட்டடத்தின் புறத்தே விறகு உலைக்கெனத் தனியே ஒரு கொட்டகை உண்டு. மழைக்காலத்தில் வாட்டும் தொட்டிகளுக்கு வெப்பக்காற்று வேண்டுமாதலால் உலை இரவிலும் எரியும். அதன் புகை நெடிய குழாய் வழியே மேலே போய்விடும்; உலையின் இரும்புச் சுவரோ கொட்டகையைச் சுட்டுக்கொண்டே நிற்கும். அங்கு நனைந்த விறகை அடுக்கி உலர்த்துவது வழக்கம். விறகுக்கு இருந்த அவ்வுரிமையைச் சீருடைக்கும் கேட்க முப்பது ஆண்டுகளில் எவருக்கும் தோன்றவில்லை. தோன்றியிருப்பினும் நா எழுந்திராது.

அன்று மாலை தந்தை தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு அதிகாரியின் முன் நின்றார் என்றும், பொறியைப் பற்றியும் மகளின் பரீட்சையைப் பற்றியும் சொன்னார் என்றும் பின்னர் தெரிந்தது. அதிகாரி நெடுநேரம் பதில் கூறவில்லை. பின்னர், இலை இருக்கும் பக்கம் வரக்கூடாது, உலைக்கு மூன்றடி தள்ளிக் கட்ட வேண்டும் என்று மட்டும் சொன்னாராம்.

ஈரமகற்றி கட்டிலின் கீழே சென்றது. தங்கையின் புத்தகங்கள் இருந்த பழைய தேயிலைப் பெட்டியை மாணவன் திருத்தினான். உட்புறம் ஈயநிறத் தாள் ஒட்டிய பலகைப் பெட்டி, சாக்குப் பைகள் வருமுன் தேயிலைக்கு ஈரம் ஏறாதவாறு செய்யப்பட்டது. மூடியின் விளிம்பை மெழுகுசீலையால் இறுக்கி, அடியில் வறுத்த அரிசியும் கரியும் கட்டிய சிறு முடிச்சை வைத்தான். சிறிய இடம், இறுகிய மூடி, உறிஞ்சும் பொருள்: குளிரிடத்தில் ஈரத்தை வெல்வதற்கு வேண்டிய மூன்றும் அதிலே இருந்தன. கொப்பிகளின் ஓரம் அதன்பின் நெளியவில்லை.

கொட்டகையிற் கட்டிய கொடியில் முதல் நாள் இரவு ஒரு வெள்ளைச் சட்டை தொங்கியது. அரைமணி நேரத்தில் உலர்ந்தது. தாய் அதனை முகர்ந்து பார்த்து, புகை இல்லை என்றார். அன்றிரவு அடுப்பின் தணலை நேரத்தோடு அவித்தார். மறுநாள் பக்கத்து அறைப் பிள்ளையின் சட்டையும் வந்தது. பரீட்சையின் கடைசி நாளுக்கு முந்திய இரவு தந்தை உலைக்கு விறகிடச் சென்றபோது அக்கொடியிற் பதினொரு சட்டைகள் இருந்தன. அவற்றுள் இரண்டு எந்த லயத்துப் பிள்ளைகளுடையவை என்பது அவருக்குத் தெரியவில்லை.